உப்பு ஒரு கல் தூக்கல்

கொஞ்சம் அந்தப் பக்கமா தள்ளி உக்காருங்க தம்பி. தப்பா நெனச்சிராதிய. உங்க பை இடிச்சி இந்த டிபன் கேரியர் சாஞ்சிட்டுன்னா, விடியக்காலம் இருந்து நான் பட்ட பாடு அத்தனையும் பாழு. மேல சீஸ் இருக்கு, கேட்டியளா. ஒரு பக்கமா வழிஞ்சிட்டுன்னா அதத் திரும்ப ஏத்தி ஒக்கார வைக்க முடியாது.

ஆமா, சீஸ்தான். நீங்க சரியாத்தான் கேட்டிய. கத்தரிக்காய்க்குள்ள மசாலா அடைச்சி, மேல சீஸ் துருவிப் போட்டு, ஓவன்ல வச்சி எடுத்தது. யாரு செஞ்சான்னு கேளுங்க. கேக்க மாட்டேங்கியளே! நாந்தான் செஞ்சேன். ஏன் அப்பிடிப் பாக்கிய? வேட்டி கட்டுனவன் சமைக்கப்படாதா?

எது வரைக்கும் போறிய? கல்லிடைக்குறிச்சியா? நல்லதாப் போச்சி. நான் அம்பை. நீங்க எறங்குறதுக்குள்ள சொல்லி முடிச்சிருவேன். நீங்களே நியாயம் சொல்லுங்க. என் வீட்டுல எனக்கு நியாயம் சொல்ல ஆள் கெடையாது. பெத்த மகளே கெடையாது.

எம்பேரு குற்றாலிங்கம். கூட்டுறவுத் தணிக்கையில இருந்து ரிட்டயர் ஆனவன். நான் ஆடிட்டுக்கு வாரேன்னு சொன்னா சங்கத்துச் செயலாளர்மாருக்கெல்லாம் தண்ணி தாகம் எடுக்கும். பெருமைக்குச் சொல்லல, உள்ளதச் சொல்லுதேன். என் வீட்டுக்காரி பேரு ஒப்பனை. மழ பெஞ்ச ஒருநா பின்வாசல்ல வழுக்கி விழுந்து வலது மணிக்கட்ட ஒடிச்சிக்கிட்டா. ஒடிச்சிக்கிட்டான்னு ஏன் சொல்லுதேன்னா, பாத்து நடக்கணும்லா. நானும் அதே வீட்லதான் இத்தன வருசமா இருக்கேன், ஒருநா விழுந்தேனா? நான் பின்வாசலுக்குப் போறதில்ல, அது வேற விசயம்.

மாவுக்கட்டு போட்டாச்சி. அந்தக் கைய அசைக்கவே கூடாதுன்னுட்டாரு டாக்டர். மக கல்யாணி பூனாவுல இருக்கா. போன்ல அழுதா. "அப்பா, சமையலுக்கு ஒரு அம்மாவ வைங்க"ன்னா. "எதுக்குட்டி ஆளு? நான் இருக்கேன்லா"ன்னேன். அந்தப் பக்கம் சத்தத்தையே காணும். லைன் கட்டாயிட்டுன்னு நெனச்சேன். கட்டாகல. சும்மாத்தான் இருந்திருக்கா.

நான் ஒரு காரியத்துல எறங்குனா உருப்படியா எறங்குவேன் தம்பி. சோறு, கொழம்பு, ரசம், இதெல்லாம் எதிர்த்தாப்புல உள்ள மெஸ்ல சொல்லியாச்சி, வேளாவேளைக்கு வந்துரும். அதப் போயி ஒரு மனுசன் மெனக்கெட்டு வைப்பானா? தெனமும் செய்யிறது வேலை. சமையல்னா அதுல ஒரு நுணுக்கம் இருக்கணும். கல்யாணி போன தீவாளிக்கு ஒரு ஓவன் வாங்கித் தந்திருந்தா. ஒப்பனை அதுமேல ஒரு துண்டப் போத்தி, துண்டுக்கு மேல ஊறுகா ஜாடிய வச்சிருந்தா. பொருளோட அரும தெரியாதவ கையில குடுத்தா அப்பிடித்தான். நான் ஜாடிய எறக்கி வச்சிட்டு, செல்போன்ல வீடியோ பாத்தேன். ஒரு பொண்ணு, நம்ம பேச்சும் இங்கிலீசுமா கலந்தடிக்கா. குடமிளகாயக் குடையிதா, தக்காளியக் குடையிதா, உள்ள எதையோ அடைக்கா, மேல சீஸத் தூவுதா, ஓவனுக்குள்ள தள்ளுதா. வெளிய எடுக்கும்போது சீஸ் உருகிப் பொன்னு மாதிரி நிக்கி.

"ஏளா, இங்க வந்து பாரு. காய்க்குள்ள வச்சி அடைச்சிச் சமைக்கது! நம்ம ஊர்ல ஒருத்திக்காவது இது தோணுச்சா?"ன்னேன்.

அவ வந்து பாத்தா. பெறவு என்னையப் பாத்தா. "ம்"ன்னுட்டுப் போயிட்டா.

என்ன "ம்"? இத்தனைக்கும் அவ வாரத்துக்கு ஒருக்கா எண்ணெக் கத்தரிக்கா வைக்கிறவ. கத்தரிக்காயக் காம்போட நாலாக் கீறி, வறுத்து அரைச்ச மசாலாவ உள்ள வச்சி அடைச்சி, நல்லெண்ணெயில வதக்குவா. பாகற்காயிலயும் அடைச்சி நூல் சுத்தி வைப்பா. அது வேற. அது எல்லார் வீட்டுலயும் வைக்கதுதான. அதுல சீஸ் உண்டா?

முத நாளு குடமிளகா. முழுக்க நாந்தான். நாந்தான்னா, காயக் குடைஞ்சது நானு. வெதைய வழிச்சி எடுத்தது மட்டும் அவ. உருளக்கெழங்க அடுப்புல போட்டது நானு. தோல உரிச்சி மசிச்சது அவ. வெங்காயம் எனக்குக் கண்ணு எரியும், அதனால அது அவ. அருவாமணையில ஒத்தக் கையாலயே நறுக்கிருவா, பழகிட்டு. மத்ததெல்லாம் நாந்தான். அந்த வீடியோவ நிப்பாட்டி நிப்பாட்டிப் பாக்கணும், பெறவு பின்னால தள்ளிப் பாக்கணும், லேசுப்பட்ட வேலையா அது? எல்லாம் முடிஞ்சி பாத்தா அந்த ட்ரேயில சீஸ் கருகி அப்பிக் கெடக்கும். அவ தேங்கா நாரப் போட்டு இடது கையால தேய்ப்பா, ராத்திரி சாப்பாடு வாரது வரைக்கும் தேய்ப்பா. டாக்டர் அசைக்கப்படாதுன்னு சொன்னது வலது கைய. இடது கைக்கு என்ன கேடு? நான் சமைச்சிக்கிட்டு இருக்கேன், ஒரு ஆளு சும்மா உக்காந்து பாத்துக்கிட்டா இருக்க முடியும்?

என்ன சிரிக்கிய? சரி, விடுங்க.

இப்ப முக்கியமான விசயத்துக்கு வாரேன். எங்க வீட்டுல ஒரு முறை உண்டு. எங்கம்மா காலத்துல இருந்து வாரது. அடுப்புல இருக்கும்போது எதையும் ருசி பாக்கப்படாது. செஞ்சதச் சாமி வெளக்கு முன்னால வச்சி, சூடம் காட்டி, அதுக்குப் பெறவுதான் மனுசன் வாயில படணும். சமைக்கிறவ நாக்குல ஒரு சொட்டு வைக்கப்படாது. ஒப்பனை கல்யாணமாகி வந்த புதுசுல, உள்ளங்கையில கொழம்ப விட்டு நக்கப் போனா. எங்கம்மா போட்ட சத்தத்துல கரண்டி கீழ விழுந்துட்டு. அதோட சரி. அன்னையில இருந்து மோந்து பாத்தே உப்பு சொல்லுவா. ஆவிக்கு நேரா மொகத்தக் காட்டி, ஒரு நிமிசம் கண்ண மூடி, "கொஞ்சம் கம்மி"ம்பா. அதெல்லாம் ஒரு ஊகந்தான். சரியாத்தான் இருக்கும், இருந்தாலும் ஊகந்தான்.

சாமிக்குப் பெறவு முத வாய் நானு. அதுவும் முறைதான். நான் எல முன்னால உக்காந்தா, அவ அடுக்களை வாசல் நிலையப் பிடிச்சிக்கிட்டு நிப்பா. கையில கரண்டி. கண்ணு என் மூஞ்சியில. தெனமும் தம்பி. கல்யாணம் முடிஞ்ச நாள்ல இருந்து. நான் ஒரு வாய் வைக்கேன், மெல்லுதேன், முழுங்குதேன், அவ இமைய மூட மாட்டா. மனுசன் நிம்மதியாச் சாப்பிட வேண்டாமா? "ஏன் என் மூஞ்சியவே பாக்கே? எதுவும் எழுதி ஒட்டியிருக்கா?"ம்பேன்.

"ஒண்ணுமில்ல. நீங்க சாப்பிடுங்க"ம்பா. உள்ள போயிருவா. மறுநா பாத்தா மறுபடியும் அதே எடத்துல நிப்பா. என்ன பழக்கமோ.

நான் சொல்ல வேண்டியதச் சொல்லாம விட்டதே கெடையாது. உப்பு கூடுனா "உப்பு ஒரு கல் தூக்கல்"னு சொல்லிருவேன். புளி முந்திக்கிட்டு நின்னா அதச் சொல்லிருவேன். குத்தம் ஒண்ணும் இல்லன்னா எதுக்கு வாயத் தொறக்கணும்? தணிக்கையில அப்பிடித்தான. தப்பு இருந்தா எழுதுவோம், இல்லன்னா ஒரு டிக் போட்டுட்டு அடுத்த பக்கம். "இந்தச் செலவு ரொம்ப அழகா செய்யப்பட்டிருக்கு"ன்னு எந்த ஆடிட்டராவது எழுதிப் பாத்திருக்கியளா? எழுதுனா அவன வேலைய விட்டுத் தூக்கிருவான்.

சரி, குடமிளகாய்க்கு வாரேன். வெளக்கு முன்னால கொண்டுபோயி வைக்கப் போறேன், ஒப்பனை கேக்கா, "இத சாமிக்கு வைக்கலாமா?"ன்னு. "பாலு ஆகும், தயிரு ஆகும், வெண்ண ஆகும். சீஸ் மட்டும் என்ன பாவம் பண்ணிச்சி?"ன்னேன். பிள்ளையாருக்குச் சூடம் காட்டிட்டு, அவள உக்கார வச்சி, முத வாய் நீ சாப்பிடுன்னு நானே பெருந்தன்மையா விட்டுக் குடுத்தேன். எந்த ஆம்பள செய்வான்? அவளுக்கு எதிர்த்தாப்புல நாற்காலியப் போட்டு உக்காந்தேன். அவ இடது கையில ஸ்பூனப் பிடிச்சி ஒரு வாய் எடுத்தா. மெதுவா மென்னா. நான் பாத்துக்கிட்டே இருக்கேன். முழுங்குனா. ரெண்டாவது வாய் எடுத்தா. தட்டையே பாத்துக்கிட்டு இருக்கா, நிமிந்து பாக்கல.

"எப்பிடி இருக்கு?"ன்னேன்.

"ம்."

"ம்னா என்ன அர்த்தம்?"

"குறை இருந்தாச் சொல்லுவேன்லா"ன்னா.

எப்பிடி பதில் பாத்தியளா! இந்தப் பேச்செல்லாம் எங்கன போயிக் கத்துக்கிட்டாளோ தெரியல. ஒரு மனுசன் வேர்க்க விறுவிறுக்க நின்னு ஒண்ணச் செஞ்சி முன்னால கொண்டு வந்து வைக்கான். "நல்லாருக்கு"ன்னு ஒரு வார்த்த சொன்னா நாக்கு தேஞ்சிருமா?

உள்ளதச் சொல்லணும்லா, அன்னைக்கி உப்பு கொஞ்சம் எடுப்பாத்தான் இருந்துச்சி. அது சீஸோட குணம், நம்ம குத்தம் இல்ல. உப்பப் போட்டுத்தான் அத விக்கான். நான் கெழங்குல உப்பு போடும்போதே அவ கிண்ணத்துக்கிட்ட குனிஞ்சி, "போதும் போலிருக்கே"ன்னா. "உனக்கு ரசத்து உப்பு தெரியும். சீஸ் உப்பப் பத்தி உனக்கு என்ன தெரியும்?"னு சொல்லி இன்னும் ஒரு சிட்டிகை போட்டேன். அவ சொன்னது சரின்னு வச்சிக்கிட்டாலும், ஒரு மட்டு மரியாதையா எடுத்துச் சொல்லியிருக்கலாம்.

அடுத்து தக்காளி. அது ஓவனுக்குள்ளயே படுத்துட்டு. நான் அத வழிச்சி கிண்ணத்துல போட்டு, சூப்புன்னு பேரு வச்சிட்டேன். ஒப்பனை குடிச்சா. "ம்." அதுக்கு அடுத்து பாகற்கா. பாகற்காய்க்குள்ள சீஸ் வச்சா கசப்பு தெரியாதுன்னு என் சொந்த யோசன. கசப்பு தெரியத்தான் செஞ்சிது, சீஸ்தான் தெரியல. அதையும் சாப்பிட்டா. ஒரு வாய் மிச்சம் வைக்காம சாப்பிட்டா. அதுக்கும் "ம்"தான். ஒவ்வொரு தடவையும் நான் எதிர்த்தாப்புல உக்காந்து அவ மூஞ்சியப் பாத்துக்கிட்டே இருக்கேன், ஒரு புருவமாவது அசையுதான்னு. கல்லு மாதிரி இருக்கா. கல்யாணிக்குப் போன் போட்டுச் சொன்னேன், "உங்கம்மா வாயத் தொறந்து ஒரு வார்த்த சொல்ல மாட்டேங்கா, மூஞ்சியப் பாத்துப் பாத்து எனக்குக் கண்ணே பூத்துட்டு"ன்னு. அவ சிரிச்சா பாருங்க ஒரு சிரிப்பு! சிரிச்சிச் சிரிச்சி மூச்சு முட்டி, போன மாப்பிள்ள கையில குடுத்துட்டா. என்ன சிரிப்பு வேண்டிக் கெடக்கு? பெத்த தகப்பன் கஷ்டத்தச் சொல்லுதேன்.

எனக்கு மனசுல ஒரு இது வந்துட்டு தம்பி. அந்த ஒரு வார்த்தைக்கு நான் ஏங்குனேன்னு நெனச்சிராதிய. ஏங்கத்தான் செஞ்சேன். ஆனா வெளிய காட்டிக்கிடல. ராத்திரி படுத்துக்கிட்டு, நாளைக்கி எதக் குடையலாம்னு யோசிப்பேன். எதச் செஞ்சா இவ சொல்லுவான்னு. ஆபீஸ்ல மந்திரி கையால மெடல் தாரேன்னு சொன்னாக்கூட நான் இப்பிடி யோசிச்சிருக்க மாட்டேன்.

கட்டுப் பிரிச்ச வாரம் கொழுந்தியா வடிவும் அவ மாப்பிள்ள ஆவுடையப்பனும் பாக்க வந்தாவ. அம்பையில ஜவுளிக்கடை வச்சிருக்கான் என் சகலை. கடையில பொம்பளையளுக்குச் சேலைய விரிச்சிப் போட்டு "அடடா"ன்னு சொல்லிச் சொல்லி, வீட்டுலயும் அவனுக்கு வாயில "அடடா"தான் வரும். சுடுதண்ணி குடுத்தாலும் அடடாம்பான். அன்னைக்கி நான் குடமிளகா, தக்காளி, உருளக்கெழங்கு மூணுலயும் சீஸ் வச்சி அமர்க்களப்படுத்திட்டேன். தக்காளி நின்னுச்சி தம்பி! ஆவுடையப்பன் ஒரு வாய் வச்சான். "அடடா! அண்ணாச்சி, நீங்க எங்கயோ போயிட்டிய"ன்னான். வடிவும் நல்லாருக்கு அத்தான்னா.

எனக்கு அந்த எடத்துல வாயச் சும்மா வச்சிக்கிட்டு இருக்க முடியல. "நீங்க சொல்லுதிய. உங்க அக்காவக் கேளுங்க. இத்தன நாளாப் பண்ணிப் போடுதேன், ஒருநா ஒருபொழுது வாயத் தொறந்தாளான்னு கேளுங்க. ஏளா, இன்னைக்காவது சொல்லு. எப்பிடி இருக்கு?"ன்னேன்.

எல்லாரும் அவளையே பாக்காவ. அவ கையில இருந்தத தட்டுல வச்சா. ஒரு வாய் தண்ணி குடிச்சா. கோவமெல்லாம் ஒண்ணும் இல்ல, ரொம்ப சாதாரணமா என்னையப் பாத்துச் சொன்னா.

"உப்பு ஒரு கல் தூக்கல்."

வடிவுக்குப் பொரை ஏறிட்டு. ஆவுடையப்பன் தலைய அண்ணாந்து மேல சுத்துற ஃபேனப் பாக்க ஆரம்பிச்சிட்டான். அவன் வாயில அன்னைக்கின்னு பாத்து ஒரு அடடா வரல.

நீங்களே சொல்லுங்க. வந்த மனுசர் முன்னால வச்சி, பாடுபட்டுச் செஞ்ச ஆளக் குறை சொல்லலாமா? நான் அப்பிடி என்னைக்காவது செஞ்சிருப்பேனா? செஞ்சேன், கல்யாணி நிச்சயதார்த்தத்துக்குப் பாயாசம் அடிப்பிடிச்சிட்டுன்னு சம்பந்தக்காரர் முன்னால சொன்னேன். அது வேற. அடிப்பிடிக்கத்தான செஞ்சிருந்துச்சி! மறைச்சாப் பொய்யாகிரும்லா? நாப்பது பேருக்கு அக்கா ஒத்தையில நின்னு ஆக்குனான்னு வடிவு இப்ப வரைக்கும் அதச் சொல்லிக் காட்டுவா. அதுக்கும் அடிப்பிடிச்சதுக்கும் என்ன சம்பந்தம்?

நான் கைய ஒதறிட்டு எந்திரிச்சிட்டேன். அன்னைக்கிச் சாயங்காலமே அவ வடிவு கூடப் பொறப்பட்டுட்டா. அம்பையில ஒரு வைத்தியர் எண்ணெ போட்டு நீவி விடுதாராம், விரலு மடங்கவே மாட்டேங்காம், போயிட்டு வாரேன்னா. நான் பேப்பர் படிச்சிக்கிட்டு இருந்தேன். சரின்னேன். நீவுறதுக்கு என்ன, ஒரு வாரம் ஆகும், வந்துருவான்னு நெனச்சேன்.

வரல தம்பி. சித்திர போயி வைகாசியும் வந்துட்டு. கேட்டா, வாரேன் வாரேங்கா. நானும் கெத்தா இருந்து பாத்தேன். மெஸ் சாப்பாட்டத் தட்டுல போட்டு உக்காந்தா, அடுக்களை வாசல் சும்மா கெடக்கு. நான் எதுக்கு அந்தப் பக்கமே பாக்கேன்னு எனக்கே வெளங்கல. பல்லி இருக்கான்னு பாக்கேன்னு வச்சிக்கிடுங்க.

நேத்து நானே போன் போட்டேன். ஆவுடையப்பன்தான் எடுத்தான். "அண்ணாச்சி, மதினி இன்னைக்கி எண்ணெக் கத்தரிக்கா வச்சிருக்காவ. அடடா! இத்தன வருசமா இந்தக் கைப்பக்குவத்தத் தெனமும் சாப்பிட்டிருக்கிய, நீங்க கொடுத்து வச்சவுக"ங்கான். கை வலின்னு போனவ அங்க போயி அடுப்படியில நிக்கா, கேட்டியளா! அந்த வீட்டுல முறையும் கெடையாது ஒண்ணும் கெடையாது. இவன் அடுப்புக்கிட்டயே போயி நின்னுக்கிட்டு, கரண்டியில வாங்கி ஊதி ஊதிக் குடிப்பானாம், அவளுக்கும் ஒரு கரண்டி குடிச்சிப் பாருங்கன்னு குடுப்பானாம். அவன் பேசிக்கிட்டு இருக்கும்போதே பின்னால ஒரு பொம்பள சிரிக்கா. நல்ல சத்தமா, மனசு விட்டு. யாரோ அக்கம்பக்கத்து வீட்டுப் பொம்பளன்னு நெனச்சேன். பெறவு பாத்தா அது ஒப்பனை.

போன அவகிட்ட குடுத்தான். "எப்ப வாரே?"ன்னேன்.

"கொஞ்ச நாள் இருந்துட்டு வாரனே. இங்க நல்லாருக்கு"ன்னா.

நல்லாருக்கு! அந்த வார்த்த அவளுக்குத் தெரியத்தான் செய்யிது பாத்தியளா? வாயில வச்சிக்கிட்டுத்தான் இருந்திருக்கா. எனக்குக் குடுக்கத்தான் மனசில்ல. இத்தன வருசம் கூட இருந்தவனுக்கு ஒரு வார்த்த குடுக்காம எப்பிடித்தான் ஒரு மனுசிக்கு இருக்க முடியுதோ! எனக்கு அது புரியவே மாட்டேங்கு.

அதனாலதான் இன்னைக்கிப் பொறப்பட்டுட்டேன். வெறுங்கையோட போயி வான்னு கூப்புட்டா நல்லாவா இருக்கும்? அவ வைக்கிற அதே கத்தரிக்கா, அதுக்கு மேல என் சீஸ். இதச் சாப்பிட்டா அவ சொல்லித்தான் ஆகணும். சொல்லிட்டான்னா மத்தியானம் பஸ்ல ரெண்டு பேருமாத் திரும்பிருவோம். சொல்லலன்னா... சொல்லுவா. ஏன் சொல்ல மாட்டா?

இன்னைக்கி அரைக்கதுல இருந்து வெங்காயம் வரைக்கும் நானே, கேட்டியளா. மசாலாவ வறுக்கப் போயி ரெண்டு தடவ கருக்கிட்டேன். கத்தரிக்காயக் கீறுனா அது ரெண்டாப் பொளந்துக்கிடுது, காம்போட நிக்க மாட்டேங்கு. அவளுக்கு மட்டும் எப்பிடி நிக்கோ தெரியல. நூலு கட்டித்தான் நிறுத்துனேன். அந்த ட்ரேய ரெண்டு கையாலயும் தேய்ச்சேன், பஸ்ஸுக்கு நேரமாயிட்டு, சீஸ் போகல. அப்பிடியே தண்ணி ஊத்தி வச்சிட்டு வந்துட்டேன். எதப் போட்டுத் தேய்ச்சாளோ. அதையும் கேக்கணும்.

இது எந்த ஊரு? வீரவநல்லூரு தாண்டிட்டா? அப்ப அடுத்தது நீங்க எறங்கணும்லா.

தம்பி, ஒண்ணு கேக்கேன். தப்பா நெனச்சிராதிய. உப்பு விசயம் இன்னும் என் மனச அறுத்துக்கிட்டே இருக்கு. சீஸ்ல இருக்கேன்னு மசாலாவுல போடாம விட்டேன். பெறவு ஒரு சந்தேகம் வந்து போட்டேன். போட்டேனா, போடணும்னு நெனச்சேனா, அதுதான் இப்ப ஞாபகம் வரல. மோந்து பாத்தேன். மோந்தா எனக்கு மூக்குல சீஸ் வாடைதான் அடிக்கி, உப்பு எங்க அடிக்கி? அவ எப்பிடித்தான் கண்டுபிடிக்காளோ. வெளக்கு முன்னால வச்சி எடுத்தாச்சி, இனிமே வாயில வைக்கலாம். ஆனா முத வாய் அவளுக்குன்னு நான் தொடாம வச்சிருக்கேன். நான் தொட்டா மனசு கேக்காது. நீங்க வெளி ஆளு, உங்களுக்கு ஒண்ணும் இல்ல. இந்த மேல்தட்ட மட்டும் தொறக்கேன். இதுல சின்னதா ஒண்ணு இருக்கு, நூலு அவுந்து போனது, அது எப்பிடியும் அவளுக்கு வைக்க முடியாது. இந்தாங்க, மூடியில வச்சித் தாரேன். பசியில்லன்னு சொல்லாதிய. ஒரு வாய்.

ஆங், அப்பிடித்தான். காம்ப ஒதுக்கிட்டு எடுங்க. சீஸையும் சேத்து எடுக்கணும், இல்லன்னா தெரியாது. ஆறிட்டு, பரவால்ல. சூடா இருந்தா இன்னும்... சரி, நான் பேசல. நீங்க மெல்லுங்க.

ஜன்னல் பக்கம் திரும்பிக்கிட்டுச் சாப்பிடுதியளே, கொஞ்சம் இந்தப் பக்கம் திரும்புங்க. பஸ் ஆடுது, கவனமா. ம். முழுங்கிட்டியளா? ரெண்டாவது வாய் எடுக்கிய. அப்ப... இல்ல, நான் ஒண்ணும் கேக்கல. அவசரமே இல்ல. கல்லிடை வர இன்னும் நேரம் இருக்கு. மெதுவா மென்னு சாப்பிடுங்க.

என்ன தம்பி? என்ன சொல்லுதிய?

ஏன் உங்க மூஞ்சியவே பாக்கேனா?

ஒண்ணுமில்ல. நீங்க சாப்பிடுங்க.